ராமர் வரைந்த படம்

உத்திரமேரூரில் எங்கள் வீட்டுக் கூடத்தில் சங்கீத மும்மூர்த்திகள் படம் ஒன்று கண்ணாடி போட்டு மாட்டியிருக்கும். தியாகராஜர், முத்துசுவாமி தீட்சிதர், சியாமா சாஸ்திரி. நீங்களும் இதை எங்காவது பார்த்திருப்பீர்கள். பாட்டு வாத்தியார் வீட்டில், சபா வாசலில், கேசட் உறையில், கல்யாண மண்டப மேடைக்குப் பின்னால். எங்கள் வீட்டுக்கு வந்தது காலண்டர் வழியாக. தாத்தா பள்ளிக்கூட வாத்தியார், பஜனைப் பிரியர். வருஷம் முடிந்ததும் காலண்டரின் தேதித் தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு, கடை விளம்பரத்தைக் கத்தரித்துவிட்டு, மேல்பாதியை மட்டும் ஃபிரேம் போட்டு வைத்துவிட்டார்.

பாட்டி அந்தப் படத்துக்கு வெள்ளிக்கிழமை பூ வைக்கும்போது ஒன்று சொல்லுவார். "இது ராமர் வரைஞ்ச படம்டா."

சின்ன வயதில் அதை அப்படியே நம்பினேன். தியாகராஜர் ராம பக்தர், அதனால் ராமரே வந்து வரைந்துவிட்டுப் போனார் போலிருக்கிறது என்று. கல்லூரிக்குப் போய் நாலு புத்தகம் படித்த பிறகு சிரிப்பு வந்தது. ஒருமுறை வந்திருந்த நண்பனிடம், "எங்க பாட்டிக்கு ராமர்தான் ஆர்ட்டிஸ்ட்" என்று கிண்டலாகச் சொன்னேன். பாட்டி அடுப்படியில் இருந்து கேட்டுக்கொண்டுதான் இருந்தார். ஒன்றும் சொல்லவில்லை. அதற்கப்புறம் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

பாட்டி போய்ச் சில வருஷம் கழித்து, 2010 ஜனவரி கடைசியில், ஒரு இரங்கல் செய்தி படித்தேன். கர்நாடக இசைக் கலைஞரும் ஓவியருமான எஸ்.ராஜம் காலமானார், வயது 90. மும்மூர்த்திகளின் புகழ்பெற்ற உருவங்களை வரைந்தவர். இளம் வயதில் 'சீதா கல்யாணம்' திரைப்படத்தில் ராமனாக நடித்தவர்.

பேப்பரை மடித்து வைத்துவிட்டுக் கூடத்தில் போய் அந்தப் படத்தின் முன்னால் நின்றேன். பாட்டி சொன்னதில் ஒரு எழுத்துக்கூடப் பிழை இல்லை.

அன்றிலிருந்து கையில் கிடைத்ததை எல்லாம் படித்துச் சேர்த்த குறிப்புகள்தான் இது. எஸ்.ராஜத்தை ஓவியராகவோ சங்கீத வித்வானாகவோ எழுதியவர்கள் நிறைய. அவருடைய சினிமா வாழ்க்கைக்கு எல்லாரும் ஒரு வரிதான் ஒதுக்குகிறார்கள். நியாயம்தான், நாலைந்து படத்துக்கு மேல் இல்லாத கதை அது. ஆனால் எங்கள் வீட்டுக்குள் அவர் வந்த வழி அதுதான் என்பதால் எனக்கு அந்த ஒரு வரி போதவில்லை.

முதலில் ஒரு பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். எஸ்.ராஜம் என்றதும் பழைய புத்தகப் பைத்தியங்களுக்கு நினைவு வருவது மர்ரே எஸ்.ராஜம். சங்க இலக்கியத்தைச் சந்தி பிரித்து மலிவு விலையில் போட்ட புண்ணியவான். அவர் வேறு, இவர் வேறு. நானே கொஞ்ச நாள் இரண்டு பேரையும் ஒன்றாக்கி, "பதிப்பாளர், பாடகர், ஓவியர், நடிகர்" என்று நோட்டில் எழுதி வைத்து வியந்துகொண்டிருந்தேன்.

நம்ம ராஜம் 1919 பிப்ரவரி 10 அன்று பிறந்தவர், மயிலாப்பூர்க்காரர். அப்பா சுந்தரம் அய்யர் வக்கீல். சங்கீதப் பைத்தியம் என்று சொன்னால் குறைவு. வித்வான்கள் வந்து போகும் வீடு அது. பாபநாசம் சிவன் அந்த வீட்டுக் குழந்தைகளுக்குப் பாட்டு சொல்லிக்கொடுத்தார். சிவன் அப்போது சினிமா பக்கம் திரும்பாத மனிதர். பின்னாளில் தமிழ் சினிமாவின் ஒரு தலைமுறையே அவர் பாட்டைத்தான் பாடியது என்பதை நினைத்தால், அந்த வீட்டுத் திண்ணைக்கு ஒரு பெயர்ப்பலகை வைக்கலாம்.

1934-க்கு வருவோம். தமிழ் பேசும் படம் என்று ஒன்று வந்து மூன்றே வருஷம் ஆகியிருந்தது. 1931-ல் 'காளிதாஸ்', டி.பி.ராஜலட்சுமி. சென்னையில் ஒலிப்பட ஸ்டூடியோ அப்போதுதான் முளைத்துக்கொண்டிருந்தது. தமிழ்ப் படம் எடுக்க வேண்டுமானால் பம்பாய், கல்கத்தா, மராட்டிய நாடு என்று மூட்டை கட்டிக்கொண்டு போக வேண்டும். நடிக்கிறவர் பாட வேண்டும். பாடத் தெரியாதவருக்கு இன்னொருவர் குரல் கொடுக்கும் வழக்கம் தமிழில் வந்ததே 1938-ல், 'நந்தகுமார்' படத்தில்தான் என்பார்கள். ஆகவே கம்பெனிகள் தேடியது குரலை. முகம் அடுத்த பிரச்சினை. நாடகக் கொட்டகையும் கச்சேரி மேடையும்தான் ஆள் பிடிக்கும் இடங்கள். அடுத்த வருஷம் வந்த 'நந்தனார்' படத்துக்கு கே.பி.சுந்தராம்பாளுக்கு ஒரு லட்சம் ரூபாய் கொடுத்தார்களே, அது அந்தத் தேடலின் உச்சம்.

பிரபாத் பிலிம் கம்பெனி மராட்டியரின் பெருமைக்குரிய நிறுவனம். அவர்கள் தமிழில் 'சீதா கல்யாணம்' எடுக்க நினைத்தார்கள். இயக்கம் பாபுராவ் பெண்டார்க்கர். தமிழ் தெரியாத இயக்குநர்கள் தமிழ்ப் படம் எடுப்பது அன்று சர்வ சாதாரணம். பாட்டுக்கு பாபநாசம் சிவன், அவருடைய சினிமா பிரவேசம் இதில்தான். நடிக்க ஆள்? சிவனுக்குத் தெரிந்த அந்த மயிலாப்பூர் வீடே இருக்கிறதே.

ராமன், பதினைந்து வயது ராஜம். சீதை, அவருடைய சகோதரி எஸ்.ஜெயலட்சுமி. ஜனக மகாராஜா, அப்பா சுந்தரம் அய்யரேதான். ராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கிற பொடியன் ஒருவன் வருவான், அது அந்த வீட்டுப் பிள்ளை பாலச்சந்தர். ஆமாம், அவரேதான். பின்னால் வீணை எஸ்.பாலச்சந்தர் ஆனவர். பாட்டே இல்லாமல் 'அந்த நாள்' எடுத்தவர். அவருக்கு அப்போது ஏழு வயது.

ஒரு குடும்பத்தையே ரயிலேற்றிக்கொண்டு போய் ராமாயணம் ஆக்கிவிட்டார்கள். உடன்பிறந்தவர்கள் இருவர் ராமனும் சீதையுமாக மாலை மாற்றிக்கொள்வதைப் பார்த்து முகம் சுளித்தவர்களும் இருந்திருக்கிறார்கள். எனக்கு அதைவிட வேறொன்று படுகிறது. வக்கீல் வீட்டுப் பெண்ணைச் சினிமாவில் நடிக்கவைப்பது 1934-ல் விளையாட்டில்லை. 'குடும்பப் பெண்கள்' சினிமாவுக்குப் போகலாமா என்று பத்திரிகைகளில் வாதம் நடந்த காலம். அப்பா கூடவே நிற்கிறார், அண்ணன் தம்பி கூட நிற்கிறார்கள், கதையோ ராமாயணம் என்றால் வாயை ஓரளவு அடைக்கலாம். சுந்தரம் அய்யர் வக்கீல் அல்லவா, யோசித்துத்தான் செய்திருப்பார் என்பது என் ஊகம்.

பாட்டி இந்தப் படத்தைச் சின்ன வயதில் மெட்ராஸில் அத்தை வீட்டில் இருந்தபோது பார்த்திருக்க வேண்டும். அவருக்கு எட்டு வயது இருந்திருக்கும். ராமன் யார், நடிகன் யார் என்று பிரித்துப் பார்க்காத வயசு.

அதற்குப் பிறகு ராஜம் 'ராதா கல்யாணம்', 'ருக்மிணி கல்யாணம்' என்று இன்னும் இரண்டு படங்களில் நடித்தார். திரையில் ஒரே ஆளுக்கு அடுத்தடுத்து மூன்று கல்யாணம். இருபது வயது ஆவதற்குள்! இந்தப் படங்களைப் பற்றி நான் அதிகம் எழுதப் போவதில்லை. அந்தக் காலத்துத் தமிழ்ப் படங்களில் பெரும்பாலானவை தீப்பிடிக்கிற நைட்ரேட் பிலிமில் எடுக்கப்பட்டு, எரிந்தும் கரைந்தும் போய்விட்டன. வெள்ளிக்காக பிலிமை உருக்கினவர்களும் உண்டு. பாட்டுப் புத்தகமும் விளம்பரமும் மிஞ்சிய இடத்தில் படம் மிஞ்சவில்லை.

மூன்று படத்துக்குப் பிறகு சாதாரணமாக ஒரு பையன் என்ன செய்வான்? அடுத்த கம்பெனி வாசலில் நிற்பான். ராஜம் போனது சென்னை ஓவியப் பள்ளிக்கு. மெரினாவில் உழைப்பாளர் சிலை செய்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி அங்கே தலைவர். ராய் சௌத்ரியின் கை மேற்கத்திய பாணியில் தேர்ந்த கை. உடல், தசை, நிழல், எடை எல்லாம் கண்ணால் பார்த்தபடி இருக்க வேண்டும். ராஜத்தை இழுத்ததோ அஜந்தாவும் சித்தன்னவாசலும். கோடு ஓடுகிற ஓட்டம், பாதி மூடிய கண், பூப்போல மடங்கும் விரல். நீர்வண்ணத்தைப் பூசி, கழுவி, மறுபடி பூசும் 'வாஷ்' முறையைக் கையில் எடுத்தார். காஞ்சிபுரம் கைலாசநாதர் கோயிலில் பல்லவர் காலத்து ஓவியத் துணுக்குகள் இன்னும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. எங்கள் ஊரிலிருந்து ஒரு மணி நேர பஸ். அடுத்த முறை போனால் அந்த முகங்களை நின்று பாருங்கள், பிறகு ராஜத்தின் படம் ஒன்றைப் பாருங்கள். நான் சொல்வது விளங்கும்.

ஓவியம் படித்த பிறகும் சினிமா அவரை ஒருமுறை கூப்பிட்டது. இந்த முறை பெரிய இடம். 1943-ல் வந்த 'சிவகவி', கதாநாயகன் எம்.கே.தியாகராஜ பாகவதர். பாகவதரின் முதல் படமான 'பவளக்கொடி' வந்ததும் 1934-ல்தான். அதாவது இரண்டு பேரும் ஒரே வருஷத்தில் திரைக்கு வந்தவர்கள். ஒன்பது வருஷத்தில் ஒருவர் நாடே கொண்டாடும் நட்சத்திரம். இன்னொருவர் ஓவியப் பள்ளி முடித்த இளைஞர்.

'சிவகவி' பொய்யாமொழிப் புலவர் கதை. எங்கள் பக்கத்து ஆள் என்று உரிமையோடு சொல்லிக்கொள்ளலாம், தொண்டை மண்டலத்துப் புலவர் அவர். சிவனை மட்டும்தான் பாடுவேன், முருகனைப் பாட மாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தவர். கோழியைப் பாடிய வாயால் குஞ்சைப் பாடுவதா என்று கேட்டாராம். அந்தக் குஞ்சே ஒரு நாள் காட்டில் வேடனாக வழிமறித்து, என் பெயர் முட்டை, என்னைப் பாடு என்று சொல்லிப் பாட வைத்து, பாட்டில் குற்றமும் கண்டுபிடித்ததாகக் கதை. தமிழ்நாட்டில் கடவுள்களுக்கும் புலவர்களுக்கும் நடக்கிற சண்டைகளில் எனக்குப் பிடித்தது இது. நக்கீரர் சண்டையைவிட இதில் குறும்பு அதிகம்.

அந்தப் படத்தில் முருகன் எஸ்.ராஜம். புலவரின் மனைவி அமிர்தவல்லியாக எஸ்.ஜெயலட்சுமி. ஒன்பது வருஷத்துக்கு முன்னால் ராமனும் சீதையுமாக இருந்த அதே உடன்பிறப்புகள். பாட்டுகள் பாபநாசம் சிவன். ஆக, 'சீதா கல்யாணம்' வீட்டிலிருந்து மூன்று பேர் இங்கேயும் இருக்கிறார்கள். பி.கே.ராஜா சாண்டோ தொடங்கி எஸ்.எம்.ஸ்ரீராமுலு நாயுடு முடித்த படம், வசனம் இளங்கோவன். டி.ஆர்.ராஜகுமாரி, என்.எஸ்.கிருஷ்ணன், டி.ஏ.மதுரம் என்று பெரிய பட்டாளம். நல்லவேளையாக இந்தப் படம் அழியாமல் இருக்கிறது, இணையத்தில் பார்க்கலாம்.

நான் பாகவதருக்காகப் பார்க்கவில்லை, முருகனுக்காகப் பார்த்தேன். ஒருமுறை இல்லை, மூன்று முறை. மொத்தப் படத்தில் அவர் பங்கு சிறியதுதான். அவர் நடிப்பைப் பற்றிப் பெரிதாகச் சொல்ல முடியாது. சொன்னால் அது ரசிகர் மன்றப் பேச்சு ஆகிவிடும். நான் கவனித்தது முகத்தை. அந்த முகத்தில் பதற்றம் இல்லை. அலங்காரம் செய்து உட்கார வைத்த உற்சவர் போல அமைதி. மூன்றாவது முறை பார்க்கும்போதுதான் உறைத்தது, இந்த அமைதியை நான் கூடத்துச் சுவரில் தினமும் பார்த்திருக்கிறேனே!

பாகவதருக்கு அடுத்த வருஷம் 'ஹரிதாஸ்'. அதே வருஷம் லட்சுமிகாந்தன் கொலை வழக்கு, கைது, சிறை. அந்தக் கதை எல்லாருக்கும் தெரியும். ராஜம் என்ன ஆனார் என்பதை யாரும் கேட்கவில்லை, ஏனென்றால் கேட்கும்படி ஒன்றும் நடக்கவில்லை. 24 வயதில் முருகனாக நடித்தவர், தம்பூராவையும் தூரிகையையும் தொழிலாக வைத்துக்கொண்டார். சென்னை வானொலியில் பல வருஷம் பணி. மயிலாப்பூர் நடுத் தெரு வீட்டில் கடைசிவரை படம் வரைந்தார், பாட்டு சொல்லிக்கொடுத்தார்.

ஆனால் முருகன் அவரை விடவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். கோடீஸ்வர அய்யர் என்று ஒரு மகான், கவி குஞ்சர பாரதியின் பேரன். 72 மேளகர்த்தா ராகங்களிலும் ராகத்துக்கு ஒன்றாகத் தமிழில் கீர்த்தனை செய்தார், அத்தனையும் முருகன் மேல். 'கந்த கானாமுதம்' என்று பெயர். அந்த 72-ல் 40 ராகங்கள் விவாதி. ஒத்துப்போகாத ஸ்வரங்கள் அடுத்தடுத்து வருகிறவை. பாடினால் தோஷம், குடும்பத்துக்கு ஆகாது என்று பெரிய வித்வான்களே ஒதுங்கிப்போன ராகங்கள். ராஜம் அதையெல்லாம் காதில் போட்டுக்கொள்ளவில்லை. 72-ஐயும் பாடினார், பதிவு செய்தார், மாணவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார். இன்று யாராவது மேடையில் கோடீஸ்வர அய்யர் பாட்டை எடுத்தால் அதற்குப் பின்னால் ராஜத்தின் உழைப்பு கொஞ்சமாவது இருக்கும். தோஷம் பற்றிய பேச்சுக்கு அவர் 90 வயசு வரை இருந்ததே பதில்.

இப்போது சுவரில் இருக்கும் படத்துக்கு வருகிறேன்.

சியாமா சாஸ்திரி 1827-ல் மறைந்தார். தீட்சிதர் 1835-ல். தியாகராஜர் 1847-ல். புகைப்படம் என்ற சங்கதியே ஐரோப்பாவில் 1839-ல்தான் வெளியுலகத்துக்கு வந்தது. ஆகவே இந்த மூன்று பேருக்கும் போட்டோ கிடையாது. வள்ளுவருக்கு கே.ஆர்.வேணுகோபால் சர்மா ஒரு முகம் கொடுத்த மாதிரி இவர்களுக்கு ராஜம் கொடுத்தார். இன்று தீட்சிதர் என்று சொன்னதும் வீணையோடு ஒரு முகம் உங்கள் மனசில் வருகிறதே, அது பெரும்பாலும் ராஜத்தின் கையிலிருந்து வந்தது, அல்லது அதைப் பார்த்து வேறு யாரோ வரைந்தது.

ராஜம் வெறும் கற்பனையில் இறங்கியவர் அல்ல. தீட்சிதர் வம்சத்தில் வந்த அம்பி தீட்சிதரிடம் பாடம் கேட்டவர், அரியக்குடி ராமானுஜ அய்யங்காரிடமும் கற்றவர். மும்மூர்த்திகளைப் பற்றி அவர்கள் பரம்பரைகளில் வாய்வழியாக வந்த செய்திகள் அவர் காதில் விழுந்துகொண்டே இருந்த சூழல் அது. எங்கள் மாவட்டத்துக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. சியாமா சாஸ்திரியின் முன்னோர்கள் காஞ்சியிலிருந்து பங்காரு காமாட்சியை எடுத்துக்கொண்டு போய்க் கடைசியில் தஞ்சாவூரில் சேர்த்தவர்கள். தீட்சிதர் காஞ்சியில் தங்கிப் பாடியவர்.

எனக்கு இதில் ஒரு சந்தேகம் உண்டு. சந்தேகம் என்பதைவிட ஆசை என்று வைத்துக்கொள்ளுங்கள். பதினைந்து வயதில் அரிதாரம் பூசிக்கொண்டு, கிரீடம் வைத்துக்கொண்டு, "இதுதான் ராமன்" என்று ஊர் நம்பும்படி நின்ற ஒருவருக்கு ஒரு விஷயம் உடம்பிலேயே தெரிந்திருக்கும். யாரும் பார்க்காத ஒருவருக்கு முகம் கொடுக்கும்போது எந்த அளவு போதும், எது அதிகம் என்று. ஓவியப் பள்ளியும் அஜந்தாவும் கோட்டைக் கற்றுக்கொடுத்தன, சரி. கும்பிடத் தோன்றுகிற முகம் எப்படி இருக்க வேண்டும் என்பதை அந்த நாலு படமும் சொல்லிக்கொடுத்திருக்காதா? அவர் இருக்கும்போது கேட்டிருக்கலாம். உத்திரமேரூரிலிருந்து மயிலாப்பூர் மூன்று மணி நேரப் பயணம். பாட்டியையும் கூட்டிக்கொண்டு போயிருக்கலாம். இரண்டு பேரும் இருந்தார்கள். எனக்குத்தான் பாட்டி சொல்வது காதில் விழவில்லை.

போன பொங்கலுக்கு வீட்டுக்கு வெள்ளையடித்தபோது ஃபிரேமைக் கழற்றினேன். ராஜத்தின் கையெழுத்து எங்காவது இருக்கிறதா என்று பார்க்கத்தான். படத்தின் கீழ் ஓரம் நேராக வெட்டப்பட்டிருந்தது. கடை விளம்பரத்தோடு சேர்த்து தாத்தாவின் கத்தரிக்கோல் அதையும் கொண்டுபோயிருக்கலாம். அச்சடித்த காலண்டரிலேயே இல்லாமலும் இருந்திருக்கலாம். எங்கள் ஊரில் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் பராந்தக சோழன் காலத்துக் குடவோலைக் கல்வெட்டு இருக்கிறது. அதைப் பார்க்க எங்கெங்கிருந்தோ வருகிறார்கள். யார் தேர்தலில் நிற்கலாம், யார் நிற்கக் கூடாது என்று அவ்வளவு நீளமாகச் சொல்லிவிட்டு, முடிவில் அந்த வாசகத்தை எழுதிய மத்தியஸ்தன் 'எழுதினேன்' என்று தன் பெயரையும் போட்டுக்கொண்டிருக்கிறான். ஆயிரத்து நூறு வருஷம் ஆகியும் அந்தப் பெயர் அங்கே இருக்கிறது. காலண்டருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

பென்சிலால் பின்பக்க அட்டையில் 'வரைந்தவர்: எஸ்.ராஜம், மயிலாப்பூர்' என்று எழுதி, திரும்ப மாட்டினேன்.

அத்தை பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். கதையை எல்லாம் சொன்னேன், சீதா கல்யாணம், ராமர், ராஜம் என்று. அத்தை பொறுமையாகக் கேட்டுவிட்டு, "ஆமா, அம்மா சொல்லும். ஆனா ராமரைப் பத்தி ஒண்ணும் பெருசா சொல்லாது. ராவணன் சபையில ஒரு குட்டிப் பையன் கஞ்சிரா வாசிப்பானாம், அவனைப் பத்திதான் எப்பப் பாத்தாலும் சொல்லிட்டிருக்கும்" என்றார்.